தெளிவுக்காகச் சேர்த்தது

பிப்ரவரி 9

அன்புள்ள வாயாடிக்கு,

அண்ணி எழுதிக்கொள்வது. நானும் மாமாவும் நலம் என்று எழுதிப் பழகிய கை, இப்போதும் அதையேதான் எழுதுகிறது. இருந்துவிட்டுப் போகட்டும். நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா? ஆஸ்பத்திரித் துணிக்கிடங்கில் நாள் முழுக்க நின்றே வேலை என்றாயே, கால்வலி தேவலையா? மாமாவுக்குக் கண்ணில் சின்னத் தொந்தரவு. சொட்டுமருந்து விடுகிறேன். நீ கவலைப்பட ஒன்றுமில்லை.

போனில் பேசினால் நாம் இருவரும் அழுதே நேரத்தைத் தீர்க்கிறோம், சேதி ஒன்றும் போய்ச் சேருவதில்லை. அதனால்தான் கடிதம்.

உன் அண்ணன் போய் ஒரு மாதம் ஆகிறது. புது விடுதியின் லிஃப்ட் குழிக்குள் கிடந்தார் என்பதுவரை உனக்குத் தெரியும். வேலை செய்யும்போது விழுந்தார், விபத்து, என்று போலீஸ் கோப்பை மூடிவிட்டது. கைக்கடிகாரம், மோதிரம், சாவிக்கொத்து எல்லாவற்றையும் ஓர் உறையில் போட்டுக் கொடுத்தார்கள். உறையைக் கவிழ்த்துப் பார்த்தேன். ஃபியூஸ் கட்டை இல்லை.

உனக்குத் தெரியாததா? லிஃப்டைத் தொடும் முன் ஃபியூஸ் கட்டையைப் பிடுங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொள்வார். மேலே இருந்து எவனாவது பொத்தானை அமுக்கி இவரை நசுக்கிவிடக் கூடாதே. பையில் ஃபியூஸ் இல்லையென்றால் அவர் வேலையையே தொடங்கவில்லை. தொடங்காதவர் குழிக்குள் எப்படிப் போனார்? அதற்கு முந்தின வாரம்தான், "அந்த லிஃப்ட் சரியில்ல. ஓட்டலாம்னு நான் கையெழுத்துப் போடமாட்டேன். முதலாளி குதிக்கிறான், குதிக்கட்டும்" என்று சொன்னார். இப்போது வேறு யாரோ கையெழுத்துப் போட்டு, விடுதியும் திறந்தாகிவிட்டது.

ஸ்டேஷனில் இதைச் சொன்னேன். "ஃபியூஸ் போனா லைட்டுதாம்மா எரியாது" என்று சிரித்தார் இன்ஸ்பெக்டர். அதனால் விசாரணையே சரியில்லை என்று கோர்ட்டில் மனு போட்டிருக்கிறேன். வக்கீல் வெயிலோ மழையோ குடையோடுதான் வருவார். மாமா அவருக்குக் குடை வக்கீல் என்று பெயர் வைத்துவிட்டார். நல்ல மனிதர், இருமல்தான் ஜாஸ்தி.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அன்புடன்,
அண்ணி


பிப்ரவரி 24

அன்புள்ள அண்ணிக்கு,

உங்கள் வாயாடி. நலம் என்று நானும் பொய் எழுதிவிடுகிறேன், கணக்குச் சரியாகிவிடும்.

ஃபியூஸ் கட்டை என்று படித்ததும் சிரித்துவிட்டேன் அண்ணி, பிறகுதான் அழுகை வந்தது. என் பரீட்சைக்கு முந்தின நாள் மின்விசிறியைச் சரிசெய்கிறேன் பேர்வழி என்று ஃபியூஸைப் பிடுங்கிப் பையில் போட்டுக்கொண்டு, அப்படியே நண்பனோடு கடைத்தெருவுக்குப் போய்விட்டார். வீடே இருட்டு. அப்பா வாசலில் நின்று கத்திய கத்தலில் தெருவே வெளியே வந்துவிட்டது. அந்தப் பழக்கம் அவரை விட்டுப் போகாது. நீங்கள் சொல்வதுதான் சரி.

விட்டுவிடாதீர்கள் அண்ணி. ஒப்பந்தம் முடியாமல் என்னை இந்த நாட்டிலிருந்து விடமாட்டார்கள், இல்லையென்றால் உங்கள் பக்கத்தில் நின்றிருப்பேன். ஸ்டேஷனில் என்னதான் எழுதி வைத்திருக்கிறார்கள் என்று பார்க்காமல் மனசு ஆறாது. பெரியப்பா மகனிடம் சொல்லி நகல் வாங்கி அனுப்பச் சொல்லியிருக்கிறேன்.

அப்பாவை வெயிலில் அலைய விடாதீர்கள்.

உங்கள் அன்பு,
வாயாடி


மார்ச் 18

அன்புள்ள வாயாடிக்கு,

இங்கே எல்லாரும் ஒருமாதிரி நலம். மாமா உன் கடிதத்தில் கடைத்தெருக் கதையைக் கேட்டுவிட்டு, "கத்தினேன்தான், என்ன இப்போ?" என்றார். அப்புறம் அந்தப் பக்கத்தை மறுபடி வாசிக்கச் சொன்னார்.

முதல் விசாரணை முடிந்தது. எப்படிச் சொல்வேன்! அந்தக் கூரை உயரத்துக்கு நம் வீட்டை அப்படியே தூக்கி உள்ளே வைத்தாலும் மேலே இடம் மிஞ்சும். நீதிபதிக்குச் சன்னமான குரல். அவர் வாயைத் திறந்தால் கோர்ட்டே மூச்சைப் பிடித்துக்கொள்கிறது. மின்விசிறியின் சத்தத்தைக்கூடத் திட்டத் தோன்றியது. மாமா சலவைச் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்து, உட்கார்ந்ததும் தூங்கிவிட்டார், குறட்டை வேறு. நான் இடித்துக்கொண்டே இருந்தேன்.

அரசு வக்கீல் ஒற்றைத் தாளை நீட்டினார். சுருக்கமான அறிக்கையாம். நீதிபதி அதை வாங்கவே இல்லை.

"முழுக் கோப்பும் வேணும். சுருக்கம் வேண்டாம். எனக்குப் படிக்கத் தெரியும்" என்றார்.

அப்புறம் உன் அண்ணனின் பெயரை, முழுப் பெயரை, தந்தை பெயரோடு சொல்லி, "இவர் எப்படி இறந்தார்னு இந்தக் கோர்ட் தெரிஞ்சுக்கணும்" என்றார். ஸ்டேஷனில் அவர் வெறும் பாடி. ஆஸ்பத்திரியில் ஒரு எண். அங்கே, அந்தப் பெரிய மண்டபத்தில், யாரோ ஒருவர் அவரை மனிதராகக் கூப்பிட்டார். பெயரைக் கேட்டதும் மாமா விழித்துக்கொண்டு எழுந்து நின்றுவிட்டார், தன்னைத்தான் அழைக்கிறார்கள் என்று. யாரும் அவரை உட்காரச் சொல்லவில்லை.

உன் கால்வலிக்கு வெந்நீரில் உப்புப் போட்டுக் காலை வை.

அன்புடன்,
அண்ணி


ஏப்ரல் 6

வணக்கம்.

உங்கள் கடிதம் கிடைத்தது. பெரியப்பா மகன் அனுப்பிய நகலும் கிடைத்தது. படித்தேன்.

இங்கே வேலை அதிகம். முன்போல எழுத முடியுமா தெரியவில்லை. உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் நாத்தனார்


ஏப்ரல் 6

அன்புள்ள அப்பாவுக்கு,

நலமா? கண் எப்படி இருக்கிறது? இந்தக் கடிதம் உங்களுக்கு மட்டும். படித்ததும் கிழித்துவிடுங்கள்.

அப்பா, போலீஸ் வாங்கிய வாக்குமூலத்தைப் படித்தேன். "என் கணவர் வேலை செய்யும்போது கால் தவறி விழுந்து இறந்துவிட்டார்" என்று அண்ணியே சொல்லியிருக்கிறார்கள். அடியில் கையெழுத்து. அவர்கள் கையெழுத்துத்தான், எனக்குத் தெரியாதா? போலீஸ் கோப்பை மூடியதே அந்த ஒரு வரியை வைத்துத்தான். ஸ்டேஷனில் ஒன்று சொல்லிவிட்டு, எனக்கு வேறொன்று எழுதினால் என்ன அர்த்தம்? விடுதிக்காரர்கள் அப்போது பணத்தோடு வந்து பார்த்தார்களா? அண்ணனைப் பற்றி அப்படிச் சொல்ல எப்படி மனசு வந்தது? யோசிக்க யோசிக்கத் தலை வெடிக்கிறது. நான் நினைப்பது தப்பாக இருந்தால் சொல்லுங்கள். அவர்களிடம் மட்டும் ஒன்றும் கேட்காதீர்கள்.

உங்கள் மகள்


ஏப்ரல் 27

அன்பு மகளுக்கு,

அப்பா சொல்லச் சொல்ல அண்ணி எழுதுகிறாள். என் கண் இப்போதெல்லாம் எழுத்தைப் பிடிப்பதில்லை. பொங்கிப்போன பால்மாதிரி எல்லாம் வெள்ளை. ஆபரேஷன் செய்யச் சொல்கிறாள். அவள் கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கிறாள் அல்லவா, டாக்டரிடம்கூடப் பேசி வைத்திருக்கிறாள். வழக்கு முடியட்டும் என்று நான்தான் தள்ளிப்போடுகிறேன். கண் இவ்வளவு மோசம் என்று உனக்கு எழுத வேண்டாம் என்று சொன்னதும் நான்தான்.

உன் கடிதத்தை அண்ணி வாசித்துக் காட்டினாள். என் கண்ணைப் பற்றியும் உடம்பைப் பற்றியும் கேட்டிருக்கிறாயாம். சந்தோஷம். ஆனால் அவள் வாசித்து முடித்துக் கடிதத்தை மடிக்க எடுத்துக்கொண்ட நேரத்தைப் பார்த்தால் நாலு பக்கம் எழுதியிருப்பாய் என்று நினைத்தேன். நாலு வரிதானாம். என்னைக் கேட்டவள் அண்ணியை ஒரு வார்த்தை விசாரிக்கவில்லையே, ஏன்? அவள் ஒருத்தியாகக் கிடந்து அல்லாடுகிறாள். அவளுக்கு எழுது.

ஆசிகள்.
அப்பா

(மாமா சொன்னது இத்துடன் முடிந்தது. எழுத்துப் பிழை இருந்தால் என்னுடையது. - அண்ணி)


ஜூன் 3

அன்புள்ள வாயாடிக்கு,

இங்கே நலம். உன்னிடமிருந்து மே மாதம் முழுக்கக் கடிதம் இல்லை. வேலை அதிகம் என்றாய், அதுதான் என்று நினைத்துக்கொண்டேன். வாயாடி வாயை மூடிக்கொண்டால் வீடு வீடாகவே இல்லை, அதை மட்டும் சொல்லிவைக்கிறேன்.

இரண்டாவது விசாரணை நடந்தது. கோப்பு முழுசாக வந்திருந்தது. நீதிபதி எல்லாவற்றையும் படித்துவிட்டு வந்திருந்தார். என் மனுவையும் சேர்த்துத்தான். தாள்களுக்கு நடுவில் சின்னச் சின்னக் காகிதத் துண்டுகளைச் செருகி வைத்திருந்தார். போலீஸ் எடுத்த ஒரு போட்டோவைத் தேடி எடுத்து, கையில் ஒரு லென்ஸோடு குனிந்தார். எங்கள் கண்ணாடிக் கடையில் விற்கிற ரகம்தான், கறுப்புப் பிடி போட்டது. நான் விற்றதாகக்கூட இருக்கலாம் என்று நினைத்தபோது உடம்பு சிலிர்த்துவிட்டது.

"இது லிஃப்ட் போர்டுதானே?" என்று கேட்டார்.

"ஆமாங்கய்யா" என்றார் இன்ஸ்பெக்டர்.

"ஃபியூஸ் எல்லாம் அதனதன் இடத்துலயே இருக்கு. வேலை செய்யும்போது விழுந்தார்னு எழுதியிருக்கீங்க. கரண்ட் ஓடிக்கிட்டிருக்கிற லிஃப்ட் குழிக்குள்ள எந்த மெக்கானிக் இறங்குவான்? இதை யார்கிட்டயாவது கேட்டீங்களா?"

இன்ஸ்பெக்டர் தொப்பியை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினார்.

வாயாடி, நினைத்துப் பார். நம்மை யாரென்றே தெரியாத ஒரு மனிதர் தன் வீட்டில் உட்கார்ந்து உன் அண்ணனின் சட்டைப்பையைப் பற்றி யோசித்திருக்கிறார். கடவுளைக் கும்பிடும்போதுகூட எனக்கு இப்படி மனசு குவிந்ததில்லை.

அப்போது அரசு வக்கீல் எழுந்து, "ஐயா, கால் தவறி விழுந்துட்டார்னு இறந்தவரோட மனைவியே வாக்குமூலம் கொடுத்திருக்காங்க" என்று வாசித்தார். எல்லாரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். எனக்கு அந்த வரி புதிதாக இல்லை. முன்பே எங்கோ படித்ததுபோல் இருந்தது. ஆனால் நான் அப்படிச் சொன்ன நினைவு இல்லை. கையெழுத்து என்னுடையதுதான். அன்றைக்கு எனக்குக் கண்ணீரில் தாளே தெரியவில்லை, அவர்கள் விரல் வைத்துக் காட்டிய இடத்தில் போட்டேன்.

அடுத்த முறை நானும், வாக்குமூலத்தை எழுதிய ஸ்டேஷன் ரைட்டரும் நேரில் வர வேண்டும் என்று உத்தரவு. குடை வக்கீல் வெளியே வந்ததும், "அந்த வரி நின்னா வழக்கு போச்சும்மா" என்றார். பயமாக இருக்கிறது.

அன்புடன்,
அண்ணி


ஜூலை 11

அன்புள்ள வாயாடிக்கு,

நீ எழுதாவிட்டாலும் நான் எழுதுகிறேன். இதை எழுதாமல் இருக்க முடியாது. நீ நலமாக இரு.

நேற்று என்னைக் கூண்டில் ஏற்றினார்கள். நீதிபதி தண்ணீர் கொடுக்கச் சொன்னார். "பயப்படாதீங்கம்மா. ஸ்டேஷன்ல உங்ககிட்ட என்ன கேட்டாங்க, நீங்க என்ன சொன்னீங்க? அதே வார்த்தையில சொல்லுங்க" என்றார்.

"'உங்க வீட்டுக்காரருக்கு என்ன ஆச்சு'ன்னு கேட்டாங்க ஐயா. 'அவர் தவறிட்டார்'னு சொன்னேன்."

அரசு வக்கீல் துள்ளி எழுந்தார். "பார்த்தீங்களா ஐயா, அவங்களே சொல்றாங்க! எங்கேயிருந்தும்மா தவறினார்?"

எனக்குக் கேள்வியே புரியவில்லை. "எங்கேயிருந்துன்னா? ஆஸ்பத்திரியிலதான் சொன்னாங்க" என்றேன். பின்னால் யாரோ சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. பேனாவைக் கீழே வைத்தார்.

"ஏம்மா, உங்க வீட்டுல இதுக்கு முன்னால வேற யாராவது இறந்திருக்காங்களா?"

"எங்க மாமியார் ஐயா. போன வருஷம் தவறிட்டாங்க."

"அவங்க எங்கே விழுந்தாங்க?"

"விழலையே ஐயா. சர்க்கரை வியாதி. படுத்தபடியே தவறிட்டாங்க."

சிரித்தவர்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள். எனக்கு அப்போதும் முழுசாகப் புரியவில்லை, ஏதாவது தப்பாகச் சொல்லிவிட்டேனோ என்று குடை வக்கீலைப் பார்க்கிறேன், அவர் குடைப்பிடியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நிற்கிறார், கண்ணெல்லாம் தண்ணீர். இருமலைக்கூட மறந்துவிட்டார்.

பிறகு ரைட்டரைக் கூப்பிட்டார்கள். பாவம், ஒடிசலான ஆள்.

"அந்தம்மா தவறிட்டார்னு சொன்னாங்க. நீங்க 'கால் தவறி விழுந்து'ன்னு எழுதியிருக்கீங்க. கால் எங்கேயிருந்து வந்துச்சு?"

"தெளிவுக்காகச் சேர்த்தேன் ஐயா."

"விழுந்து?"

"அதுவும்... தெளிவுக்காகத்தான் ஐயா."

"வேலை செய்யும்போது?"

ரைட்டர் இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். இன்ஸ்பெக்டர் கூரையைப் பார்த்தார்.

நீதிபதி அதே சன்னக் குரலில்தான் சொன்னார். "அந்தம்மா சொன்னது ஒரே வார்த்தை. தன் புருஷன் செத்துட்டான்னு வாயால சொல்ல மனசு வராம, மரியாதையாச் சொன்ன வார்த்தை. கால் உங்களோடது. விழுந்ததும் உங்களோடது. இந்தக் கோப்புல அவங்களுக்கும் அவங்க வீட்டுக்காரருக்கும் சொந்தமானது ஒண்ணுமே இல்ல."

நான் கூண்டுக் கட்டையைப் பிடித்துக்கொண்டேன். எனக்கே தெரியாமல் என் வாயிலிருந்து பிடுங்கிக்கொண்டு போன சொல்லை, ஆறு மாதம் கழித்து ஒருவர் தேடி எடுத்து என் கையில் திருப்பிக் கொடுத்துவிட்டார். சொல்லுக்கு இத்தனை கனம் உண்டு என்று எனக்கு இதுவரை தெரியாது. வெளியே வந்து படியில் உட்கார்ந்தேன். மாமா பக்கத்தில் உட்கார்ந்து, "உன் அத்தை தவறினதைக்கூடக் கேட்டாரே அந்த மனுஷன்" என்று திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார்.

தீர்ப்பு அடுத்த மாதம்.

அன்புடன்,
அண்ணி


ஜூலை 30

அன்புள்ள அண்ணிக்கு, என் அண்ணிக்கு,

நலமா அண்ணி? சாப்பிட்டீர்களா அண்ணி? வேறு எப்படித் தொடங்குவது என்று தெரியவில்லை.

உங்கள் கடிதத்தைத் துணிக்கிடங்கில் விரிப்புக் குவியலின்மேல் உட்கார்ந்து படித்தேன். நான் அழுததைப் பார்த்துக் கூட வேலை செய்கிறவள் என்ன என்று கேட்டாள். தவறிட்டார் என்பதை அவள் மொழியில் சொல்லப் பார்த்தேன். முடியவில்லை. கால் இல்லாமல், விழாமல், எப்படித் தவற முடியும் என்கிறாள். ஒரு சொல்லுக்குள் நாம் எவ்வளவு பெரிய துக்கத்தை மடித்து வைத்திருக்கிறோம் என்று எனக்கே இப்போதுதான் பிரமிப்பாக இருந்தது.

அம்மா இறந்தபோது எனக்குப் போன் செய்தது நீங்கள்தான். "வாயாடி, அத்தை தவறிட்டாங்கடி" என்றீர்கள். எங்கே விழுந்தார்கள் என்று நான் கேட்டேனா? கேட்கவில்லையே அண்ணி. அன்றைக்கு எனக்குப் புரிந்ததே. அந்த நகலை மறுபடி எடுத்து உங்கள் குரலில் வாசித்துப் பார்த்தேன். ஒரு வரியில்கூட உங்கள் குரல் ஒட்டவில்லை. முதல் தடவையே அப்படி வாசித்திருக்க வேண்டியவள் நான்.

அண்ணி, அப்பாவுக்கு ஏப்ரலில் ஒரு கடிதம் எழுதினேன். அது இப்போது எங்கே இருக்கிறது?

உங்கள்
வாயாடி


செப்டம்பர் 2

அன்புள்ள வாயாடிக்கு,

எல்லாரும் நலம். இந்தத் தடவை உண்மையாகவே நலம். ஒரு பக்கத்தில் எத்தனை அண்ணி! மாமாவுக்கு வாசித்துக் காட்டும்போது எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

தீர்ப்பு வந்துவிட்டது. பழைய விசாரணை செல்லாது. அந்த ஸ்டேஷனுக்குச் சம்பந்தமில்லாத ஒரு பெண் அதிகாரியின் கீழ்த் தனிக் குழு. முதலிலிருந்து விசாரித்து, மாதாமாதம் அதே நீதிபதியிடம் வந்து என்ன செய்தோம் என்று சொல்ல வேண்டும். முடியும்வரை வழக்கைக் கோர்ட் கைவிடாது. விடுதியின் லிஃப்டுக்குச் சீல் வைத்துவிட்டார்கள். யார் செய்தார்கள், என்ன நடந்தது, இன்னும் ஒன்றும் தெரியாது. ஆனால் ஒரு பெரிய கை கோப்பைத் திறந்து பிடித்துக்கொண்டிருக்கிறது, இனி யாரும் அதை மூட முடியாது.

அறிக்கை வந்தால் தானே தன் கண்ணால் படிக்க வேண்டும் என்று மாமா ஆபரேஷனுக்குச் சம்மதித்துவிட்டார். வருகிற வாரம். அதற்கு முன்னால் அவருடைய அலமாரியைச் சுத்தம் செய்து, வேண்டாத காகிதங்களைக் கிழித்துப் போட்டேன். நீ ஏப்ரலில் எழுதிய கடிதத்தைக் கேட்டிருந்தாயே. மாமாவின் கண்ணை விசாரித்து எழுதியதுதானே? அதில் வேறு ஒன்றும் இருந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை.

நேற்று அந்தப் பெண் அதிகாரி வீட்டுக்கே வந்து புது வாக்குமூலம் எடுத்தார். மாமா என் பக்கத்தில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துகொண்டார். "உங்க வீட்டுக்காரருக்கு என்ன ஆச்சும்மா?" என்று அதே கேள்வி. பழைய சொல் நாக்குவரை வந்துவிட்டது. விழுங்கினேன். போயிட்டார் என்றால் எங்கே போனார் என்று எழுதுவார்களோ? காலமானார் என்பது பேப்பரில் வருவது, என் வாயில் வராது. அவரைப் பற்றி நான் ஒருநாளும் சொல்லாத, சொன்னால் மாமா என்னை வீட்டில் நிற்க விடாத ஒரு சொல்தான் மிச்சம் இருந்தது.

"என் வீட்டுக்காரர் செத்துட்டார்" என்றேன். "எப்படிச் செத்தார்னு எனக்குத் தெரியாது. அதை நீங்கதான் எனக்குச் சொல்லணும்."

அதிகாரியின் பேனா நின்றது. அவர் மாமாவைப் பார்த்தார்.

"அவ சொன்னதை அப்படியே எழுதிக்கம்மா" என்றார் மாமா. "ஒண்ணும் சேர்க்க வேண்டாம்."

எழுதி, சத்தமாக வாசித்துக் காட்டி, என் பக்கம் தள்ளினார். ஒவ்வொரு எழுத்தாகப் படித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டேன்.

உன் கால்வலி எப்படி இருக்கிறது என்று எழுது. நீளமாக எழுது. இனி மாமாவே படிப்பார்.

அன்புடன்,
உன் அண்ணி